நம்பியிருந்தவர்

அப்பா செத்த பத்தொன்பதாம் நாள்
கொம்தாரில் லிஃப்டுக்குக் காத்திருந்தேன்.
கையில் மரணச் சான்றிதழ், ஏழு நகல்.
யூனியன் தங்கையா முன்னமே சொல்லியிருந்தார்:
"சட்டத்துல இப்படி ஒரு வரி கிடையாதும்மா.
மனசு வச்சா உண்டு.
கொஞ்சம் அழுதாலும் தப்பில்ல."

அழுகை வரவில்லை.
லிஃப்டுக்குள் யாரோ டுரியான் தின்ற வாயோடு
கொட்டாவி விட்டார்.

புவான் நோர்மலா கோப்பைத் திறந்தார்.
தக்ஸியா என்றார். இரங்கல்.
பக்கத்தைப் புரட்டினார்.
தஹ்னியா என்றார். வாழ்த்து.
நடுவே ஸ்டேப்ளர் ஒருமுறை கடித்தது.

பாரத்தில் பதினோராவது கேள்வி:
இறந்தவரை நம்பியிருந்தவரா நீங்கள்?
ஆம். இல்லை.
இரண்டு சின்னக் கட்டங்கள்.

நம்பியிருந்தேனா?
மாதம் இருபதுக்கு மேல்
பாயான் லெப்பாஸில் என் ஆலைக் கேட்டில் வந்து நிற்பார்,
சட்டையெல்லாம் கொசுப்புகை வாடை.
"அம்பது வெள்ளி இருக்கா கண்ணு,
சம்பளம் வந்ததும் தந்துர்றேன்."
தந்ததில்லை.
ஆனால் ரோட்டைக் கடக்கும்போதே
சட்டையை உள்ளே விட்டுக்கொள்வார்,
என் சூப்பர்வைசர் பார்ப்பாள் என்று.

ஆலை வியட்நாமுக்குப் போனது.
கேட் இல்லாத இடத்தில் எப்படிக் கேட்பது என்று
அவருக்குத் தெரியவில்லை போலும்.
ஒன்றும் கேட்கவில்லை.
ஒரு சனிக்கிழமை பத்துக் கிலோ அரிசி வந்தது,
அடுத்த மாதமும் வந்தது.

'ஆம்' கட்டத்தில் கோடு போட்டேன்.
பேனா இரண்டு முறை எழுதவில்லை.

பதினாறாம் நாள் காரியத்தில்
"ஆம்பளப் புள்ள இருக்கறப்போ..." என்று
பெரியப்பா ஆரம்பித்தார்.
அம்மா வடைமாவிலிருந்து கையை எடுக்கவில்லை.
"இவங்கிட்ட குடுத்தா தீபாவளிக்குள்ள தொலைச்சிருவான்."
லோகேசன் மோட்டாரை உதைத்துக் கிளம்பினான்.
இன்றுவரை என்னோடு பேச்சில்லை.

அப்பா உயிரோடிருந்தபோது
அவனுக்காக மூன்று மனுப் போட்டார்.
மூன்றும் இதே கோப்பில் இருந்தன.
புவான் நோர்மலா புரட்டும்போது பார்த்துவிட்டேன்:
காலியிடம் இல்லை, காலியிடம் இல்லை,
காலியிடம் இல்லை.
இப்போது ஓர் இடம் காலி.

ஜெலுத்தோங் அடுக்குமாடி, மூன்றாம் புளோக்.
தோளில் இயந்திரம் உறுமிக்கொண்டிருக்க
சுருண்டு விழுந்திருக்கிறார்.
புகை கலையும்வரை யாருக்கும் தெரியவில்லை.

ஆறு மாத ஒப்பந்தம், பிறகு பார்க்கலாம்.
கொசு ஒழிப்புப் பிரிவில் புகார் மேசை,
ஒரு தொலைபேசி, ஒரு தடித்த நோட்டு.
ரேகை பதியும் இயந்திரத்தில்
காத்தமுத்து த/பெ நல்லான் என்ற பெயரை
இன்னும் யாரும் அழிக்கவில்லை.
அடுத்த வரியில் என்னைச் சேர்த்தார்கள்:
புனிதவதி த/பெ காத்தமுத்து.
முதல் முறை விரலை வைத்தபோது
மறுபடி வைக்கச் சொன்னது.

ஒன்பதாம் நாள் ஒரு சீனப் பாட்டி போனில் வந்தாள்.
ஆயர் ஈத்தாம் சந்தைக்குப் பின்னால் வீடாம்.
சந்து முழுக்கக் கொசு.
போன வாரம் வந்த பொடியன்
சொல்லாமல் கொள்ளாமல் அடித்துவிட்டுப் போனானாம்.
"முன்னால ஒரு இந்தியர் வருவார்,
புறாக் கூண்டைத் துணி போட்டு மூடிட்டுத்தான்
மெஷினையே திறப்பார்.
அவர் எங்கே?"

மாற்றலாகிப் போய்விட்டார் என்றேன்.
"எந்த ஊருக்கு?"

வீட்டு எண் சொல்லுங்கள் என்று கேட்டு
புகார் இருநூற்றுப் பதினான்கு என எழுதினேன்.
குறிப்புக் கட்டத்தில் இடம் கொஞ்சம்தான் இருந்தது.
நுணுக்கி எழுதினேன்:
வாசலில் புறாக் கூண்டு.
முதலில் மூடவும்.