செல்லுமா

கொட்டாஞ்சேனைப் பங்கு மண்டபத்தில்
புரொஜெக்டர் என் பொறுப்பு.
கதிரை நூற்றிருபது, ஆட்கள் முப்பத்தெட்டு.
மழை இல்லாவிட்டால் நாற்பது வந்திருக்கும் என்றார் சுவாமி.

கலாநிதி எமில்டா கொறைரா
மைக்கைத் தொடாமலே தொடங்கினா:
"ரோமாபுரி இந்தத் தீவுக்கு
தேய்ந்த செம்புச் சில்லறையாகத்தான் வந்து சேர்ந்தது."

திரையில் விரல்நகம் அளவு வட்டம்.
மூக்கு மட்டும் மிஞ்சிய ஒரு சக்கரவர்த்தி.
பின்பக்கம் இருப்பது சிலுவையாக இருக்கலாம்,
கொடிக்கம்பமாகவும் இருக்கலாம்.
இருக்கலாம், இருக்கலாம் என்று
இருபது தரமாவது சொல்லியிருப்பா.
பிரசங்கம் கேட்டே பழகிய சுவர்கள்
அந்தச் சொல்லைத் திருப்பி எதிரொலிக்கத் தடுமாறின.

பிறகு அனுராதபுரத்துக் கல்.
சிலுவையின் காலடியில் இலை விரிந்திருந்தது.
பாரசீகத்து வணிகர்கள் கேட்டிருக்கலாம்.
உளி பிடித்தவன் யாரோ,
என்னவென்று விளங்காமலே செதுக்கி,
தன் கைக்குத் தெரிந்த இலையை அடியில் வைத்துவிட்டு
சோறுண்ணப் போயிருக்கலாம்.

முன்வரிசையில் லீனஸ் மாஸ்டர் எழும்பினார்:
"தோமையார் இங்கே வந்தவரா, இல்லையா?"
"தெரியாது, மாஸ்டர்."
"படிச்ச நீங்களே இப்படிச் சொன்னால்?"
"படிச்சதாலதான் சொல்லுறன்."

அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது.
என் திரை வெறும் வெள்ளைத் துணி.
ஜெனரேட்டரில் டீசல் இல்லையென்று
எனக்கும் சுவாமிக்கும் மட்டும் தெரியும்.

அவ பையிலிருந்து ஒரு பால்மா டின்னை எடுத்தா.
"பயப்படாதீங்கோ, மியூசியத்துக் காசு இல்லை.
பஞ்சிகாவத்தைப் பட்டறையில் ஈயத்தில் வார்த்தது.
பதினொன்று. தொட்டுப் பார்த்துக் கைமாத்துங்கோ."

இருட்டில் டின் நகர்ந்தது.
குலுங்கல். நிறுத்தம். குலுங்கல்.
ஜம்பட்டா வீதியில் மீன் விற்கும் பெர்ப்பேத்துவாவின் குரல்:
"இதுக்கு எத்தனை சூடை வாங்கலாம்?"

வெளியே மழை கேட்டது.
"இதைத்தான் அக்கா
நானும் பதினாறு வருஷமாத் தேடுறன்."

யாரோ போனில் ரோச் அடித்தார்கள்.
எண்ணினா.
பத்து ஈயம்.
பதினோராவதாக ஓர் இரண்டு ரூபாய்க் குற்றி.

சுவாமியின் முகம் சுருங்கியது,
கதவைச் சாத்தச் சொல்லுவார் என்று நினைத்தேன்.
அவவோ மேசையைப் பிடித்துக்கொண்டு சிரித்தா,
சக்கரவர்த்திகளைப் பற்றிப் பேசும்போது
ஒருமுறைகூட வராத சிரிப்பு.
"இப்படித்தான், இப்படியேதான்!
எண்ணிக்கை சரியென்றால்
முகத்தை யார் பார்த்தது?"

அந்தக் குற்றியையும் டின்னிலேயே போட்டு மூடி
ஆட்டோ பிடித்து வெள்ளவத்தைக்குப் போனா.

ஞாயிறு இரண்டாம் பூசைக்குப் பிறகு
சங்கீர்த்தியில் காணிக்கை எண்ணிக்கொண்டிருந்த
இன்னாசிமுத்தர் என்னைக் கூப்பிட்டார்.
உள்ளங்கையில் ஒரு வட்டம்,
மூக்கு மட்டும் மிஞ்சியது.
"எந்த நாட்டுக் காசடா? செல்லுமா?"

"செல்லியிருக்கலாம்" என்றேன்.

என்னை ஒருமாதிரிப் பார்த்துவிட்டு
அதை இரண்டு ரூபாய்க் குவியலோடு
சேர்த்துச் சுற்றிக் கட்டினார்.