புல எண் 214/3

எண்பத்தொன்பதில் வந்த தீர்ப்பு:
நாற்பத்திரண்டு சென்ட் மணல்,
தெற்கே கடல், வடக்கே கோயில் மனை,
புறம்போக்கு அல்ல,
இன்னாசிமுத்துவுக்கே பாத்தியம்.
சர்க்கார் அப்பீல் போகவில்லை.
அத்தோடு முடிந்தது.

இன்று மூக்கையூரில்
அவர் மகள் ரொசாரியம்மாள்
முட்டளவு தண்ணீரில் நின்று காட்டுகிறாள்:
"இங்கனதான் சார் வடக்கு எல்லைக் கல்லு."
கல்லைக் காணோம்.
கணுக்காலில் பாசி சுற்றுகிறது.

தீர்வை பாக்கி ஒன்பது வருஷத்துக்கு.
நிலமே இல்லையே என்று மனுப் போட்டோம்.
தாசில்தார் சொன்னார், கோட்டாட்சியர் சொன்னார்,
மதுரையில் நீதிபதியும்
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி சொன்னார்:
அது நிலம் என்று முன்னமே முடிவாகிவிட்டது,
முடிந்ததைக் கிளற முடியாது.

நான்தான் படித்துக் காட்டினேன்.
"முன்தீர்ப்புத் தடை" என்ற இடத்தில்
கச்சான் காற்று தாளை மடக்கிவிட்டது.
நிமிர்த்தி, மறுபடி அதே வரியைப் படித்தேன்.

ஒன்றே ஒன்று கேட்டாள்:
"அப்ப இந்தத் தண்ணி எம்பேர்லயா கெடக்கு?"

சட்டப்படி, ஆமாம்.

மாசம் திரும்பவில்லை.
நாலு சவுக்குக் கம்பு, சுற்றிலும் நைலான் கயிறு,
தகரத்தில் சிவப்புப் பெயிண்டில் புல எண்,
உள்ளே பாசி வளர்க்கும் மூங்கில் தெப்பம் மூன்று.
கடலை ஆக்கிரமித்ததாக
மீன்வளத் துறை நோட்டீஸ் ஒட்டிப் போனது,
அந்தத் தகரத்திலேயே.

ராமநாதபுரம் பஸ்ஸில் ஏறி வந்துவிட்டாள்.
மேசைமேல் பழைய தீர்ப்பை வைத்தாள்,
ஓரம் செல்லரித்தது.
"இதை வச்சு எழுதுங்க. முடிஞ்சதைக் கிளறக் கூடாதாமே."

ஃபீஸாக ஒரு பாலித்தீன் பை.
உள்ளே நண்டு,
இன்னும் கிளறிக்கொண்டிருந்தது.