பதினொரு டாலர் இருபத்தைந்து சென்ட்

டுலூத்தில் பிப்ரவரி.
எது கரை எது ஏரி என்று
கடற்காகங்களுக்கே குழப்பம்.

ஐலா மாக்கினென்
பள்ளிப் பேருந்தைக் கொண்டுபோய் நிறுத்திவிட்டு
அதே ஆரஞ்சுக் கோட்டோடு
கூட்டுறவுக் கடன் சங்கத்தின்
மூன்றாவது மேசைக்கு வந்தாள்.
கார் வேண்டும். பழையது போதும்.
இருப்பதன் அடித்தட்டைச் சாலை உப்பு தின்றுவிட்டது.
கால்மிதியைத் தூக்கினால்
ஓடுகிற தார் தெரிகிறது.

கர்டிஸ் பெல்லஞ்சர் திரையைப் பார்த்தார்.
பிறகு பேனா மூடியைப் பார்த்தார்.
ஐந்நூற்றுத் தொண்ணூற்று நான்கு, என்றார்.

"என்ன அது, என் எடையா?"
அவள்தான் சிரித்தாள்.

இப்போது வாங்கு, பிறகு கொடு.
எவ்வளவு பதவிசான பொத்தான் அது!
வட்டி இல்லை என்றது.
கடன் என்ற சொல்லை
ஒருதரம்கூட வாய்விட்டுச் சொல்லவில்லை.
நாலு தவணை.
நாலு பேர் தூக்கினால் கனம் தெரியாதுதான்.
எதைத் தூக்க நாலு பேர் வேண்டும் என்று
அந்நேரம் யார் யோசிக்கிறார்கள்.

மெத்தை. முன்பக்க டயர் இரண்டு.
மகனின் கடைவாய்ப் பல்.
நவம்பரில் ஒரு ஹீட்டர்,
அது டிசம்பரில் செத்து, இன்னொரு ஹீட்டர்.
இப்படிப் பத்துப் பொருள், நாற்பது தவணை.
முப்பத்தொன்பதை நாள் பிசகாமல் கட்டினாள்.
சம்பளம் வந்த இரவே, மளிகைக்கு முன்னால்.

மிச்சம் ஒன்று.
டோய்வோவின் பனிக்காலணி, மூன்றாம் தவணை.
அவள் அட்டையின் எண்ணை யாரோ திருடி
புளோரிடாவில் பெட்ரோல் போட்டான்.
வங்கி புது அட்டை தந்தது.
செயலிக்குப் பழைய எண்தான் தெரியும்.
நினைவூட்டல்கள் வந்துதான் இருக்கின்றன,
அவள் திறக்காத மின்னஞ்சலுக்கு,
மெழுகுவத்தித் தள்ளுபடிக்கும்
நாய்ச்சோற்றுத் தள்ளுபடிக்கும் நடுவே.
பதினொரு டாலர் இருபத்தைந்து சென்ட்
வசூல்காரர்களிடம் கைமாறியபோது
டோய்வோவின் பெருவிரல்
அந்தக் காலணியை முட்டத் தொடங்கியிருந்தது.

"கட்டின முப்பத்தொன்பதும் எங்கே?"

கர்டிஸ் திரையை அவள் பக்கம் திருப்பினார்.
விதிப்படி கூடாது. திருப்பினார்.
மேலும் கீழும் தேடினாள்,
வகுப்புப் புகைப்படத்தில்
தன் பிள்ளையைத் தேடுகிறவள் போல.

"கட்டினதை அவங்க நமக்குச் சொல்றதில்லை.
தவறினா மட்டும்தான்..."

எமலோகத்துக் கணக்கன்கூட
பாவத்துக்கு ஒன்று, புண்ணியத்துக்கு ஒன்று என
இரண்டு பத்தி போட்டு எழுதுவான்.

பத்தொன்பது சதவீதம் என்றால் தரலாம், என்றார்
ரொம்பத் தணிந்த குரலில்.
மேசை இழுப்பறைக்குள்
அவர் கைபேசி ஒருமுறை அதிர்ந்தது.
வெள்ளிக்கிழமை. பனி அள்ளும் இயந்திரம். இரண்டாம் தவணை.
எடுக்காமலே அவருக்குத் தெரியும்.

ஐலா தாளை நாலாக மடித்தாள்.
நாலு என்று உணர்ந்ததும்
பிரித்து, இரண்டாக மடித்து,
பையில் வைத்துக்கொண்டு எழுந்தாள்.

வெளியே மைனஸ் இருபத்தாறு.
சாவியைத் திருப்பினாள்.
இருமல். இன்னொரு இருமல். பிறகு அதுவும் இல்லை.
மூன்று மணிக்குப் பிள்ளைகள்
பள்ளி வாசலில் வரிசையில் நிற்பார்கள்.

பேட்டரி, நூற்று நாற்பது டாலர்,
அரை மணியில் வந்து மாட்டித் தருகிறார்கள்.
அதற்குக் கீழே
அதே இளம்பச்சைப் பொத்தான்.

அழுத்தினாள்.
ஒன்றும் நடக்கவில்லை.
கையுறை போட்ட விரலைத்
திரைக்கு அடையாளம் தெரியாது.

சும்மா உட்கார்ந்திருந்தாள் கொஞ்ச நேரம்.
மூச்சு கண்ணாடியில் படிந்து உறைந்தது.

பிறகு பல்லால் கடித்து
கையுறையை
உருவினாள்.