அறுபது நாள் பன்றிகள்

நேற்றிரவுக் காற்று ஓக் மரங்களைப் பச்சையாகவே
உலுக்கிவிட்டது.
கொட்டை பழுத்து விழ இன்னும் பத்து நாள் இருந்தது.
டிரெய்லர் கதவைத் திறக்கிறேன். இறங்கு, டச்சஸ்,
உன் பதினோரு பிள்ளைகளோடும்.
மூக்கு வளையம் நேற்றுப் போட்டது, இன்னும் வலிக்கும்.
மண்ணைக் கிளறாதே. மேலே கிடப்பதைத் தின்.

போன வருடம் நீ வர ஒரு வாரம் பிந்தியது.
வால்மயிர் கத்தரித்திருந்த விதம் பார்த்து
மேய்ச்சல் காவலர் என்னைத்தான் போனில் கூப்பிட்டார்.
ஓடைக்கரையில் என் சாம்பல் குதிரை
வயிற்றைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டு நின்றது,
உள்ளேயிருந்து யாரோ கூப்பிடுவதைப்போல.
மூன்றாம் நாள் டாக்டர் இமோஜென்
கையுறையைக் கழற்றியபடி சொன்னாள்:
"சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது.
குதிரைக்கு வாந்தியெடுக்கத் தெரியாது, ஹெஸ்டர்."
அவ்வளவுதான். பில் பின்னால் வந்தது.

என் மகன் ரூஃபஸ் மூன்று வயதில் ஒன்றைக் கடித்தான்.
நாக்கு சுருண்டது. துப்பினான்.
மிச்சத்தை என் கம்பளிச் சட்டையில் துடைத்தான்.
நாய் ஒரு கைப்பிடி விழுங்கி
விடிவதற்குள் அத்தனையையும் சமையலறைத் தரையில்
திருப்பித் தந்தது.
துவர்ப்பு,
ஆறு சுவையில் யாரும் கேட்டு வாங்காதது,
வேண்டாம் என்று சொல்ல மட்டும் வாய் உள்ளது.
குதிரை அதைக் காதில் வாங்குவதில்லை.
ருசி கண்டுவிட்டால் மரத்துக்கு மரம் தேடிப் போகும்,
காலடியில் புல் கிடக்க.

மரத்தின்மேல் எனக்கு வழக்கு இல்லை.
நானூறு வருடமாய் நிற்கிறது.
தன் பிள்ளைகளைத் துவர் பூசி அனுப்புகிறது,
வேறென்ன செய்யும்.

நீயோ மொறுமொறுவென்று கடிக்கிறாய்,
ஓடு ஒரு பக்கம் பருப்பு ஒரு பக்கம்.
நஞ்சு உன் விலாவில் கொழுப்பாகிறது.
சாலையில் ஒரு கார் நின்று கண்ணாடியை இறக்கி,
எவ்வளவு அழகு என்கிறது உன் குட்டிகளை.
ஆமாம் என்கிறேன்.

பன்றிக்கு நன்றி சொல்ல
எங்களுக்குத் தெரிந்தது ஒரே வழி.
டிசம்பரில் நீ இருப்பாய், ஈனுகிறவள்.
பதினொன்றும் இருக்காது.
இறைச்சியில் ஏதோ காட்டு வாசனை என்பான் ரூஃபஸ்.
ரொட்டியை இந்தப் பக்கம் தள்ளு என்பேன்.

இன்று செப்டம்பர்தான்.
அதோ, அந்தச் சாய்ந்த மரத்தடி, டச்சஸ்.
சாம்பல் குதிரையின் குட்டி
அங்கேதான் மேய்கிறது.
அங்கே முதலில் போ.