பகரமும் மகரமும்

பிஸ்கட் டப்பாவுக்குள் பதினாறு எம்.எம். சுருள்.
மூடியில் துரையின் கையெழுத்து:
நாய்கள், டென்னிஸ், கூலிகள் ஊர்வலம், மழை.

குன்னூர் மார்க்கெட்டுக்கு மேலே
பழைய சுருள்களைக் கணினிக்கு மாற்றித் தருகிறேன்.
துரையின் பேத்தி லண்டனிலிருந்து எழுதியிருந்தாள்:
நாய்கள் வரும் இடம் மட்டும் போதும்.

முதல் ஓட்டத்தில் சவ ஊர்வலம் ஓடியது.
நிஜமாகவே ஓடியது.
பதினாறில் எடுத்ததை இருபத்து நாலில் விட்டுவிட்டேன்.
தோழர் வைரக்கண்ணுவைத் தூக்கியவர்கள்
பஸ்ஸைத் தவறவிட்டவர்கள்போல
கொண்டை ஊசி வளைவில் தடதடத்தார்கள்.
சிரித்துவிட்டேன். அதையும் எழுதிவைக்கிறேன்.

வேகத்தைக் குறைத்ததும்
கால்களுக்குப் பாரம் வந்தது.

எண்ணூறு பேர் இருக்கலாம்.
கொங்காணிச் சாக்குக்குள் பெண்கள்.
கொடி சிவப்பென்று நான்தான் சொல்கிறேன்,
அந்தக் காலத்து பிலிமில் சிவப்பு கறுப்பாகத்தான் விழும்.
பாறைமுக்கு எஸ்டேட்டில் அரிசிப் படியை வெட்டியபோது
நூற்றாறு நாள் கொழுந்தைக் கிள்ளவிடாதவர்,
ஜெயிலில் செத்தவர்,
ஒரே ஒருமுறை தெரிகிறார். அதுவும் பாதம்.
பிறகு மூடுபனி இறங்கி
போலீசுக்கு வேலை வைக்கவில்லை.

பியூலாவைக் கூப்பிட்டேன்.
பக்கத்துத் தையல் கடை. பிறந்ததிலிருந்து காது கேளாது.
எதிர்க்கடைப் பேரத்தைக் கண்ணாடிக்கு இப்பாலிருந்தே
விலையோடு சொல்வாள்.

நோட்டில் எழுதிக்கொண்டே பார்த்தாள்.
எல்லா வாயும் சேர்ந்து திறக்குமிடத்தில்: வாழ்க.
செத்தவரையா?
ஆமாம். வாழ்க.
குடைக்காரர்: அட்டை ஏறுது, காலைப் பாரு.
அழுகிறாள் என்று நான் நினைத்தவள்:
குழிக்கு உப்பு வாங்கினீங்களா, இல்லையா?

கடைசியில் ஒருத்தி நின்றுவிடுகிறாள்.
ஊர்வலம் அவளைச் சுற்றிக்கொண்டு போகிறது.
லென்சை, லென்சுக்குப் பின்னால் நிற்பவரைப்
பார்த்து ஒரே ஒரு சொல்.

பியூலா ஏழுமுறை ஓட்டச் சொன்னாள்.
படி என்று எழுதினாள்.
அடித்துவிட்டு, மடி.
அதையும் அடித்தாள்.
உதட்டுக்கு பகரமும் மகரமும் ஒன்றுதானாம்,
வித்தியாசம் மூக்கில்,
மூக்கைப் படிக்க அவளுக்குத் தெரியாது.

வெட்டிய அரிசியைக் கேட்டாளோ,
செத்துப் போ என்றாளோ.
காது நன்றாகவே கேட்கும் துரை
அங்கேயே நின்றிருந்தார்,
சாவி கொடுத்துக்கொண்டு.

ஸ்பிரிங் தீரும்போது படம் வெளுக்கும்.
அவளும் வெளுத்தாள், வாய் இன்னும் மூடவில்லை.
அடுத்து புல்வெளி,
ஒரு ஸ்பானியல் சத்தமில்லாமல் குரைக்கிறது.

நாய்களை லண்டனுக்கு அனுப்பிவிட்டேன்,
முன்னால் ஒரு பத்து வினாடி சேர்த்து.
பில்லில் அதைக் காட்டவில்லை.