பசை

ஆகஸ்ட். டென்னசி மலைப்பக்கம்.
பள்ளி நூலகத்தில் ஏசி செத்துப் பத்து நாள்.
மேஜைமேல் உயிரியல் புத்தகங்கள்
அறுநூற்றுப் பன்னிரண்டு.

போன வருடம் ஒட்டியவள் நான்தான்.
தேவாலயப் பெண்கள் ஆறு பேர், ஒரு ஸ்கேல்,
ஒரு மூலைகூடக் கோணவில்லை:
“இந்நூல் சொல்வது ஒரு கருத்து.
உயிரை வடிவமைத்தவர் உண்டு என்பது இன்னொன்று.
நீயே யோசி.”
நீதிபதி யோசித்தார்.
நீக்கச் சொன்னார்.

யார் உரிப்பது என்றதும்
கூட்டமே கூரையைப் பார்த்தது.
நான் கை தூக்கினேன்.
அட்டையைக் கிழித்துவிடுவார்களே என்ற கவலை,
வேறொன்றுமில்லை.

எதிர் நாற்காலியில் டாக்கெட்.
பாடம் நடத்துகிறவர்,
எங்களுக்கு எதிராகச் சாட்சி சொன்னவர்.
அவர் கையில் மழுங்கிய கத்தி,
என் கையில் மகளின் சலூனிலிருந்து எடுத்துவந்த
ஹேர் டிரையர்.
சூடு காட்டினால் பசை இளகும்.
மனிதர்கள் அப்படியல்ல.

முதல் ஒரு மணி நேரம் பேச்சில்லை.
பிறகு நான்தான் வாய் வைத்தேன்:
“இந்த டிரையரை ஒருவன் செய்திருக்கிறான் இல்லையா?”
“செய்திருக்கிறான், மிஸஸ் ஸ்டான்சில்.
ஒயரை இவ்வளவு குட்டையாக வைத்தவனும்
அவன்தான்.”
சிரித்துவிட்டேன்.
சிரித்ததற்காக அடுத்த பதினெட்டுப் புத்தகங்களுக்கு
அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

கட்டைவிரலும் சுண்டுவிரலும் சேர்த்து
ஒரு மூலையைக் கிள்ளி இழுக்கையில்
மணிக்கட்டின் நடுவே
கயிறு போல ஒன்று புடைத்தது.
அவர் பார்வை அங்கே நின்றது.
“என்ன?”
“ஒன்றுமில்லை.”
“சாட்சிக் கூண்டில் அத்தனை பேசினீர்களே.”

தன் மணிக்கட்டை நீட்டினார்.
அதே விரல்கள், அதே கிள்ளல்.
கயிறு இல்லை.
“மரக்கிளை பற்றி வாழ்ந்த காலத்தின் மிச்சம்.
சிலருக்கு இருக்கிறது. எனக்கு இல்லை.
இல்லாததால் ஒரு குறையுமில்லை.”

நான் டிரையரை அணைத்தேன்.
“மரமறுக்கும் மில்லில் என் கர்ட்டிஸ்
விரல் அறுபட்டு வந்தான்.
டாக்டர் இந்தக் கயிற்றைத்தான்
அவன் மணிக்கட்டிலிருந்து எடுத்து
விரலில் வைத்துத் தைத்தார்.
இன்று அந்த விரலால் பாஞ்சோ வாசிக்கிறான்.
மிச்சம் என்கிறீர்கள்.
எடுத்துக் கொடுக்க வைத்தது என்பேன் நான்.”

டாக்கெட் வாய் திறந்தார், மூடினார்.
“அந்தக் கயிறு அவனுக்கு இருந்தது நல்லதாயிற்று,”
என்றார் கடைசியில்.
அதில் வாதம் எதுவும் இல்லை.
தேடிப் பார்த்தேன், இல்லை.

மாலைக்குள் தாள் எல்லாம் போயிற்று.
பசை போகவில்லை.
ஒவ்வோர் அட்டையிலும் ஒரு நீள்சதுரம்,
ஸ்கேல் வைத்த நேர்த்தியோடு.
இனி வருகிற பிள்ளைகளின் விரல் ஒட்டும்,
தூசி ஒட்டும், சிப்ஸ் தூள் ஒட்டும்,
என்ன இருந்தது இங்கே என்று
எவனாவது கேட்பான்.

ஒன்றை மட்டும் உரிக்காமல்
கைப்பைக்குள் வைத்தேன்.
டாக்கெட் பார்த்தார்.
ஒயரைச் சுருட்டிக் கொடுத்துவிட்டு
ரசீதில் எழுதினார்:
அறுநூற்றுப் பதினொன்று.