பதினொரு மூலை

மேல்கணக்குப் பிள்ளைக்காம்பராவில்
ஒன்பது இடத்தில் ஒழுகும்.
எனக்கு மனப்பாடம்.
தொட்டில் கம்பிக்கு இடப்பக்கம் பெரிய சட்டி,
கதவோரம் நடுச்சட்டி,
பால்மா அலுமாரிக்கு நேர்கீழே
என் வீட்டு மீன்சட்டி.
எத்தனை தரம் கழுவினாலும்
நெத்தலி வாடை போகாது.
மற்ற ஆறுக்கும் பிளாஸ்டிக்.

வெரேனா வந்த அன்றைக்கும் மழை.
சுவிஸ்காரி என்றார் கூட வந்த கிளார்க்.
கையில் படிவம், காலெல்லாம் சேறு,
கெண்டைக்காலில் அட்டை கடித்த ரத்தம்.
அதை அவள் இன்னும் பார்க்கவில்லை.
பிள்ளைகள் பதினான்கு. எழுதினாள்.
ஜன்னல் இரண்டு. எழுதினாள்.
விளையாட்டுச் சாமான்?
நான் கிளார்க்கைப் பார்த்தேன்.
கிளார்க் கூரையைப் பார்த்தார்.
எழுதினாள்.

யதுஷிகா அழத் தொடங்கியது அப்போதுதான்.
ஒன்று அழுதால் பதினான்கும் அழும்,
அது இங்கே சட்டம்.
மேலே தகரத்தில் மழை, கீழே பிள்ளைகள்,
எது எதை மிஞ்சுகிறதென்று
சொல்ல முடியாத இரைச்சல்.

குனிந்தாள்.
நடுச்சட்டித் தண்ணீரை வாசலில் வீசினாள்.
சட்டைத் தலைப்பால் துடைத்தாள்.
பையைத் துழாவி ஒரு காசு எடுத்தாள்,
வெள்ளை வெளேரென்று, கனமாக,
முக்காடு போட்ட மாட்டுக்காரன் முகத்தோடு.
உள்ளே போட்டு
சட்டியை உள்ளங்கையில் ஏந்தி
ஒரு சுழற்று.

காசு படுக்கவில்லை.
விளிம்பில் நின்று ஓடியது.
முதலில் வெறும் கரகரப்பு.
அப்புறம் அந்தக் கரகரப்புக்குள்ளிருந்தே
வாய் திறக்காமல் யாரோ
ம்ம்ம் என்று இழுக்கிற சத்தம்.
மிதுர்ஷன் எழுந்துபோய்
சட்டிக்கு அந்தப் பக்கம் ஆள் இருக்கிறதா பார்த்தான்.

அவள் ஊர் மலையில் பாலாடை எடுக்கிற சட்டியாம்.
மூன்று அளவாம், மூன்று குரலாம்.
கரண்டியையும் விடமாட்டார்களாம்,
துடைப்பக்கட்டையையும் விடமாட்டார்களாம்.
அவ்வளவு உயரத்துக்கு
வேறென்னத்தைத் தூக்கிக்கொண்டு போவது
என்றாளாம்.
கிளார்க் சொன்னதுதான்.
கூடவே இதையும் சொன்னார்:
அந்தக் காசு ஒன்று
நம்ம கணக்குக்கு ஏறக்குறைய ஒரு நாள் பேர்.

இன்னொரு காசை என்னிடம் நீட்டி
மணிக்கட்டை எப்படித் திருப்புவதென்று
காட்ட வந்தாள்.
நான் மீன்சட்டியை எடுத்துவிட்டேன்.
இருபத்திரண்டு வருஷமாக
கோப்ரட்டிக் கடை அரிசியில் கல் அரிக்கிற கை இது.
முதல் சுழற்றிலேயே
என் ஒரு நாள் சம்பளம் எழுந்து நின்று ஓடியது.
அவள் தன் பாஷையில் ஏதோ சொன்னாள்.
கிளார்க் அதைப் பெயர்க்கவில்லை.
ஃபைலைக் கீழே வைத்துவிட்டு
பெரிய சட்டியைத் தூக்கிக்கொண்டிருந்தார்.
மூன்று தரம் விழுந்தது அவர் காசு.
நாலாவதில் பிடித்தது.

மூன்று சட்டி, மூன்று ம்ம்ம்.
ஒன்றோடொன்று உரசி, விலகி,
எப்போதாவது ஒரு கணம் ஒட்டிக்கொண்டு.
மூன்று இடத்தில் தரை நனைந்தது.
அழுகை எப்போது நின்றதென்று
யாருக்கும் தெரியாது.

போகும்போது காசுகளை
எண்ணிப் பையில் போட்டுக்கொண்டாள்.
நானும் கேட்கவில்லை.
அட்டை கடித்த இடத்துக்கு
கொஞ்சம் சுண்ணாம்பு வைத்து அனுப்பினேன்.

மறுநாள் வெயில்.
பத்து ரூபாயைப் போட்டுப் பார்த்தேன்.
அதற்குப் பதினொரு மூலை.
ஒவ்வொரு மூலையிலும் யோசித்து
திக்கித் திக்கி விழுந்தது.
புது அஞ்சு ரூபாய் தகடு, பேச்சே இல்லை.
மாரியம்மனுக்கு மஞ்சள் துணியில் முடிந்துவைத்த
பழைய பித்தளை அஞ்சு ரூபாய் இருந்தது.
ஆத்தாளிடம் கடனென்று சொல்லிவிட்டுத்தான்
அவிழ்த்தேன்.

அது பாடுகிறது.
அவள் காசு அளவுக்கு இல்லை, ஆனாலும் பாடுகிறது.
மிதுர்ஷனுக்கு மட்டும்
மூலைக்காசுதான் வேண்டும்.
அது தடுக்கி விழும்போதெல்லாம்
வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறான்.
அவனுக்கு ஒரு தரம், மற்றவர்களுக்கு ஒரு தரம் என்று
மாற்றி மாற்றிச் சுழற்றுகிறேன்,

பொகவந்தலாவைப் பக்கம் கறுத்துக்கொண்டு வரும்வரைக்கும்.
வந்துவிட்டால் நிறுத்தம்.
சட்டிகளுக்கு வேலை இருக்கிறது.